பாதிக்கப்பட்டவருக்கு ஒரு மாதம், நீதிமன்றத்துக்கு ஆண்டுக்கணக்கு

அரசு நமது அடிப்படை உரிமையை மீறும்போது போடும் அடிப்படை உரிமை மீறல் மனு என்றதும் நமக்கு நினைவுக்கு வருபவை பெரிய வழக்குகள். பாராளுமன்றக் கலைப்பு செல்லாது என்று 2018 டிசெம்பர் 13இல் ஏழு நீதியரசர்கள் ஒருமனதாகத் தீர்ப்பளித்தார்கள். உயிர்த்த ஞாயிறுத் தாக்குதல் வழக்கில் முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன 10 கோடி ரூபாய் நட்டஈடு கட்ட வேண்டும் என்று 2023 ஜனவரியில் தீர்ப்பு வந்தது. இரண்டுமே இலங்கை அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை வழியாக வந்தவை. பழிவாங்கலாக இடமாற்றப்பட்ட ஆசிரியைக்கும், பொலிஸில் அடிவாங்கிய பெடியனுக்கும் அதே வழிதான். ஆனால் அவர்களில் பலர் உயர் நீதிமன்றம் இருக்கும் கொழும்பு புதுக்கடைக்கு வந்து சேரும்போது காலம் கடந்துவிடுகிறது.

மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் மனு உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகியிருக்க வேண்டும். இதற்கு முதல் நீதிமன்றமும் கடைசி நீதிமன்றமும் அதுதான். தோற்றால் மேன்முறையீடு கிடையாது.

கெடு தவறுவது பெரும்பாலும் இப்படித்தான்: வலயக் கல்விப் பணிமனைக்கு ஒரு கடிதம், மாகாணத்துக்கு ஒன்று, அமைச்சுக்கு ஒன்று. பதில் வரட்டும் என்று காத்திருப்பார்கள். திணைக்களத்துக்கு முறையிட்டதற்காக நாள் கணக்கு நின்றுவிடாது. உத்தரவுக் கடிதத்தில் 3ஆம் திகதி இருக்கும், கையில் கிடைத்தது 19ஆம் திகதியாக இருக்கும். அந்தத் தபால் உறையைத் தயவுசெய்து எறிந்துவிடாதீர்கள். உங்களுக்கு எப்போது தெரியவந்தது என்பதற்கு அதிலுள்ள தபால் முத்திரைதான் சாட்சி.

நாள் கணக்கை நிறுத்த ஒரு வழி உண்டு. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி, அதே ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. யாழ்ப்பாணத்திலும் வவுனியாவிலும் மட்டக்களப்பிலும் அதன் பிராந்திய அலுவலகங்கள் இருக்கின்றன. இதற்காகக் கொழும்புக்குப் பஸ் ஏறத் தேவையில்லை. ஆனால் முறைப்பாட்டு இலக்கம் மட்டும் போதாது. உண்மையிலேயே விசாரணை நடக்கிறதா என்று நீதிமன்றம் கேட்கிறது. ஆகவே ஆணைக்குழு அனுப்பும் ஒவ்வொரு கடிதத்தையும் கோவைப்படுத்தி, மனுவுடன் இணையுங்கள்.

மனுவும் சத்தியக்கடதாசியும் (சத்தியம் செய்து கையொப்பமிடும் எழுத்துமூலக் கூற்று) ஒன்றுக்கொன்று முரணாக இருக்கக்கூடாது. முடிவெடுத்த அதிகாரியையும் சட்டமா அதிபரையும் பிரதிவாதிகளாகச் சேர்க்க வேண்டும். பக்கத்து வீட்டுக்காரருடனான எல்லைச் சண்டையையும், தனியார் கம்பெனி வேலையை விட்டு நிறுத்தியதையும் இங்கே கொண்டுவர முடியாது; அரசின் நிறைவேற்று அல்லது நிர்வாக நடவடிக்கையாக இருக்க வேண்டும். சட்டத்தரணி வைக்க வசதியில்லாதவர் எழுதும் கடிதத்தையே மனுவாக ஏற்க 1990ஆம் ஆண்டு உயர் நீதிமன்ற விதிகளில் இடமுண்டு. இதை நம் ஊர்களில் யாரும் சொல்லிக்கொடுப்பதில்லை என்பது எனக்குப் பெரிய மனக்குறை.

தாக்கல் செய்தவுடன் வழக்கு தொடங்கிவிடாது. குறைந்தது இரண்டு நீதியரசர்கள் மனுவைத் தொடர அனுமதி தர வேண்டும். பெரும்பாலான மனுக்கள் விழுவது அந்தக் கட்டத்தில்தான். காலம் கடந்த மனு என்றால் அரசுத் தரப்பு எழுப்பும் முதல் ஆட்சேபனையே அதுதான். உங்களுக்கு நடந்த அநியாயத்தைப் பற்றிய பேச்சே வராது. அனுமதி கிடைத்தால் விசாரணை குறைந்தது மூன்று நீதியரசர்கள் முன். முக்கியமான வழக்குக்கு ஐந்து அல்லது அதற்கு மேற்பட்டோரைப் பிரதம நீதியரசர் நியமிக்கலாம். கருத்து வேறுபட்டால் பெரும்பான்மையின் முடிவே தீர்ப்பு.

என் ஆத்திரம் இங்கேதான். இரண்டு மாதத்துக்குள் மனுவை விசாரித்து முடிக்க வேண்டும் என்று அதே 126ஆம் உறுப்புரை நீதிமன்றத்துக்கும் சொல்கிறது. அது கட்டாயமல்ல, வழிகாட்டல் மட்டுமே என்று பொருள்கொள்ளப்பட்டுவிட்டது. தவணைமேல் தவணையாக வழக்குகள் ஆண்டுக்கணக்கில் இழுபடுகின்றன. பாதிக்கப்பட்டவரின் ஒரு மாதம் மட்டும் இரும்புப் பூட்டு. தடுப்புக்காவலில் இருந்தவர்களுக்கு நீதிமன்றம் தளர்வு காட்டியதுண்டு. அது நீதியரசர்களின் மனதைப் பொறுத்தது, உரிமையாக எழுதப்பட்டதல்ல.

இந்தக் கெடுவை மூன்று மாதமாக்க வேண்டும். சர்வசன வாக்கெடுப்பு தேவைப்படும் உறுப்புரைகளை 83ஆம் உறுப்புரை பட்டியலிடுகிறது. அதில் 126 இல்லை. பாராளுமன்றத்தில் மூன்றில் இரண்டு பெரும்பான்மை இருந்தால் போதும். வாக்குக் கேட்டு வரும் நம் பிரதிநிதிகளிடம் இந்தத் திருத்தத்தை முன்மொழிவீர்களா என்று பெயர் சொல்லிக் கேளுங்கள்.