அது ஸ்டிக்கர் சுரண்டும் கருவி இல்லை, என் ரேசர்!

கையில் எடுத்ததுமே தெரிந்துவிட்டது. பிளேடு இடுக்கில் வெள்ளையாகக் காகிதத் துணுக்கு, அதைச் சுற்றிப் பசை. போதாததற்கு, ராத்திரி முழுக்கத் தண்ணீர்க் குவளைக்குள் தலைகீழாக ஊறியிருக்கிறது.

யார் வேலை என்று கேட்கவே வேண்டாம். தம்பி. புது டப்பாவில் ஒட்டியிருந்த ஸ்டிக்கர் வரவில்லையாம். நகத்தால் சுரண்டினானாம், வரவில்லை. ஸ்பூனால் சுரண்டினானாம், அதற்கும் வரவில்லை. கத்தரிக்கோலைத் தேடினானாம், கிடைக்கவில்லை. (எப்போதும் தொங்கும் அதே ஆணியில்தான் தொங்குகிறது.) அப்புறம் ஐயா பார்வை என் ரேசர்மேல் விழுந்திருக்கிறது. "சும்மாதானேண்ணா இருந்துச்சு?"

சும்மா இருந்ததா! ஒவ்வொரு முறையும் வெந்நீரில் தாடியை ஊறவைத்து, சவரம் முடிந்ததும் நுரை போக அலசி, உதறி, ஈரம் தங்காத இடத்தில் நிறுத்தி, கைக்குழந்தையைப் போலப் பார்த்துக்கொண்ட பிளேடு அது. துண்டால் துடைத்தால் விளிம்பு போய்விடும் என்று துடைக்கக்கூட மாட்டேன். பழைய ஜீன்ஸ் துணியில் எதிர்த்திசையில் தேய்த்தால் கூர் நிற்கும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு அதையும் செய்தேன். பலன் உண்டா என்பது அந்த ஜீன்ஸுக்கே வெளிச்சம்.

இத்தனைக்கும் எஃகைவிட 50 மடங்கு மென்மையான முடியே பிளேடின் விளிம்பைச் சில்லுச் சில்லாகப் பெயர்த்துவிடும் என்று 2020இல் அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் மைக்ரோஸ்கோப் வைத்துப் பார்த்துச் சொன்னார்கள். முடிக்கே அந்தக் கதி. என் பிளேடு பிளாஸ்டிக் டப்பாவோடு மல்லுக்கட்டியிருக்கிறது!

செக்கோஸ்லோவாக்கியாவில் கரேல் டிர்பால் என்றொருவர், அட்டைப் பிரமிடுக்குள் வைத்தால் பிளேடு கூர் மங்காது என்று 1959இல் காப்புரிமையே வாங்கினார். படித்தபோது சிரித்தேன். இப்போது புரிகிறது, அவர் வீட்டிலும் ஒரு தம்பி இருந்திருக்க வேண்டும். பிரமிடு கூர் தீட்டுமோ இல்லையோ, ஒளித்துவைக்க ஆகும்.

இத்தனையும் பொறுத்துக்கொள்ளலாம். கடைசியில் அவன் சொன்னதுதான்: "உன் பிளேடு சுத்த மொக்கைண்ணா, பாதி ஸ்டிக்கர்கூட வரல. வேற நல்லதா வாங்கு."

என்னத்தைச் சொல்ல, சிரிப்புதான் வந்தது. ஆமாம், டப்பாவில் ஏன்தான் இவ்வளவு பசை போட்டு ஒட்டுகிறார்கள்? உரித்தால் முழுதாக வரக்கூடாதா?