அந்தப் பிள்ளைக்கு ஒரு மண்டபம் கொடுங்கள்

"உடம்பைக் காட்டுவதெல்லாம் ஒரு கலையா?" வன்னியில் ஓவியம் படிக்கும் பிள்ளைகள், அதிலும் பெண்பிள்ளைகள், இந்தக் கேள்வியைக் கேட்டுக் களைத்துவிட்டார்கள். உடம்பில் சேறு பூசி, வயலில் கிடந்து, அதைப் படமெடுத்து இதுதான் என் ஓவியம் என்று ஒரு பிள்ளை சொன்னால் வீட்டில் அழுகை, ஊரில் ஏளனம். நான் அந்தப் பிள்ளையின் பக்கம்.

தன் உடம்பையே கலையாக்கிய அனா மென்டியேட்டாவின் படங்களை ஒருமுறை பாருங்கள். 1948இல் கியூபாவின் ஹவானாவில் பிறந்தவர். 1961இல், 12 வயதில், பெற்றோரைப் பிரிந்து அக்காவோடு அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்டார். ஊரை இழந்த அந்தச் சிறுமி வளர்ந்து தன் உடம்பை மண்ணில் பதிக்கத் தொடங்கினார். 1973இல் மெக்சிகோவின் யாகுலில், பழங்காலக் கல்லறைக் குழி ஒன்றில் உடையின்றிப் படுத்து, மேலே வெள்ளைப் பூக்களைப் பரப்பிப் படமெடுக்கச் செய்தார். முகம் தெரியாது. கைக்கும் விலாவுக்கும் இடையிலிருந்து செடி முளைத்து வருவதுபோல் இருக்கும். 1976இல் மெக்சிகோவிலேயே ஒரு கடற்கரையில் மணலைத் தோண்டி உடம்பின் வடிவை ஆக்கி, சிவப்புச் சாயத்தை நிரப்பினார். அலை வந்து அதைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக்கொண்டு போனதை ஒவ்வொரு படமாக எடுத்தார். முல்லைத்தீவுக் கரையில் வாழ்கிறவர்களுக்கு அந்தப் படங்களை விளக்க ஆள் தேவையில்லை.

முல்லைத்தீவு வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலில் முதுகில் செடில் என்னும் கொக்கி குத்தித் தூக்குக்காவடியில் தொங்கி வருகிறவரைக் கண்டு கைகூப்புகிறோம். நேர்த்தியும் கலையும் ஒன்றென்று நான் சொல்லவில்லை, அது அம்மனுக்கும் அவருக்கும் உள்ள கணக்கு. ஆனால் உடம்பு பேசும் என்பது நமக்குத் தெரியும். 2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சிக் கந்தசாமி கோயில் முன்றலில் அமர்ந்த தாய்மார் காணாமல் ஆக்கப்பட்ட தங்கள் பிள்ளைகளின் படங்களை நெஞ்சோடு பிடித்திருந்தார்கள். அது போராட்டம். அதைக் கலை என்று அழைக்க எனக்கு மனம் வராது. ஆயினும் ஒரு படத்தை உடம்போடு சேர்த்துப் பிடித்தால் அதன் கனம் எப்படி மாறுகிறது என்பதை அவர்கள்தான் எனக்குக் காட்டினார்கள்.

எனக்குக் கோபம் வருவது இங்கேதான். மே மாதம் பிறந்தால் முகநூலெங்கும் 2009 இறுதிப் போரின் படங்கள். ஆடை கிழிந்து, குருதியில் கிடப்பவர்களிடம் எவரும் சம்மதம் கேட்கவில்லை. அவர்களுடைய பிள்ளைகள் இப்போது வளர்ந்துவிட்டார்கள். அதே படங்களைக் கைபேசியில் காண்கிறார்கள். அவற்றைத் தயங்காமல் பகிர்கிற நாம்தான், எது தெரிய வேண்டும் எது மறைய வேண்டும் என்று தானே முடிவெடுத்துத் தன் உடம்பைப் படமெடுக்கும் பெண்ணைப் பார்த்து முகம் சுளிக்கிறோம்.

கிளிநொச்சியிலோ முல்லைத்தீவிலோ ஒரு மண்டபத்தை ஒரு நாளைக்குத் திறந்துவிடுங்கள். யார் பார்க்கலாம், படம் எடுக்கலாமா என்பதை அந்தப் பிள்ளையே சொல்லட்டும். பிடிக்கவில்லையா, அங்கேயே அவளிடம் நேரில் சொல்லுங்கள். அவளுடைய படத்தைத் திருடி வந்து முகநூலில் போட்டுத் திட்டாதீர்கள்.