தடையாணை வாங்கினால் கடன் தீராது

அடமானச் சொத்தை வங்கி கையகப்படுத்துகிறது என்ற பொசஷன் நோட்டீஸைக் கதவில் ஒட்டிய பிறகுதான் பலரும் வக்கீலைத் தேடி ஓடுகிறார்கள். இரண்டு மாதம் முன்பே தபாலில் வந்த, 60 நாளில் பாக்கியைக் கட்டச் சொல்லும் 13(2) நோட்டீஸ் பீரோவில் பிரிக்காமல் கிடக்கும். கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை எடுத்து விற்க வங்கிக்கு வழிவிடும் சர்ஃபேசி சட்டத்தில் கடன் வாங்கியவர் கையில் இருக்கும் நல்ல ஆயுதம் அந்த 60 நாள்தான். அதைத்தான் வீணாக்குகிறோம்.

அந்த நோட்டீஸுக்கு எழுத்தில் ஆட்சேபம் கொடுத்தால், அதை ஏற்காத வங்கி 15 நாளுக்குள் காரணம் சொல்லிப் பதில் தர வேண்டும். "கொஞ்சம் டைம் கொடுங்க சார்" என்று கெஞ்சுவது ஆட்சேபம் ஆகாது. ஸ்டேட்மென்ட்டை வாங்கி வைத்துக்கொண்டு, எந்தத் தேதியில் கட்டிய பணம் வரவில் இல்லை, அபராதம் எந்தக் கணக்கில் ஏறியது, 90 நாள் நிலுவை என்று வாராக்கடன் ஆக்கிய தேதி சரிதானா என்று வரிவரியாக எழுதி, ஒப்புகையோடு அனுப்புங்கள். பின்னால் கேஸ் நிற்பதும் விழுவதும் பெரும்பாலும் இந்தக் கடிதத்தில்தான்.

13(2) நோட்டீஸை மட்டும் வைத்துக் கடன் மீட்புத் தீர்ப்பாயம் (டிஆர்டி) போக முடியாது. சொத்தைக் கையகப்படுத்தும் 13(4) நடவடிக்கை வந்த நாளிலிருந்து 45 நாளுக்குள் போக வேண்டும். தமிழ்நாட்டில் சென்னை, கோவை, மதுரையில் டிஆர்டி இருக்கிறது. முன்சீஃப் கோர்ட்டில் இன்ஜங்ஷன் வாங்கித் தருகிறேன் என்பவரிடம் 34வது பிரிவைக் காட்டச் சொல்லுங்கள். சிவில் கோர்ட்டுக்கு அங்கே கதவு சாத்தியிருக்கிறது. டிஆர்டி இருக்கும்போது ஹைகோர்ட் பொதுவாக ரிட் மனுவை ஏற்கக் கூடாது என்று 2010-இல் சத்யவதி டாண்டன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

டிஆர்டியில் எடுபடுவது நடைமுறைப் பிழை. பொசஷன் நோட்டீஸ் 7 நாளுக்குள் இரண்டு பத்திரிகையில் வந்ததா, அதில் ஒன்று உள்ளூர் மொழியா, விற்பனைக்கு முன் 30 நாள் நோட்டீஸ் உண்டா, மதிப்பீடு முறைப்படி நடந்ததா. விவசாய நிலத்துக்குச் சட்டம் பொருந்தாதுதான். ஆனால் பட்டாவில் நஞ்சை என்று இருந்தால் மட்டும் போதாது, உண்மையிலேயே பயிர் நடக்கிறது என்று காட்ட வேண்டும். தொழில் படுத்துவிட்டது என்ற வாதம் நியாயமாக இருக்கலாம், தடையாணை வாங்கித் தராது. தடை கிடைத்தாலும் பெரும்பாலும் "இத்தனை லட்சம் இத்தனை வாரத்தில் கட்டு" என்ற நிபந்தனையோடுதான் வரும். தோற்று மேல்முறையீடு போனால் பாதித் தொகையை டெபாசிட் செய்ய வேண்டும். கால்வாசி வரை குறைக்கலாம், அதற்குக் கீழே இல்லை. பிழையைக் காட்டி ஜெயித்தாலும் வங்கி அதைத் திருத்திக்கொண்டு மறுபடி வரும். வட்டி எதற்கும் நிற்காது.

ஆகவே கேஸ் போட்ட அன்றே பேச்சுவார்த்தையையும் தொடங்குங்கள். பாக்கியில் ஒரு பகுதியைத் தள்ளுபடி செய்து கணக்கை முடிக்கும் ஓடிஎஸ்ஸை உரிமையாகக் கேட்க முடியாது. அதைக் கொடு என்று வங்கியைக் கோர்ட் கட்டாயப்படுத்தாது என்பது 2021 தீர்ப்பு. ஏல அறிவிப்பு வெளியான பிறகு முழுப் பாக்கியைக் கொண்டுபோனாலும் சொத்தை மீட்கும் உரிமை போய்விடும். 2016 திருத்தத்தை 2023-இல் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் படித்தது.

ஏலத்துக்கு விடாமல் நாமே விற்றால் பெரும்பாலும் விலை கூடுதலாகக் கிடைக்கும். ஆனால் 13(2) வந்த பிறகு வங்கியின் எழுத்துபூர்வச் சம்மதம் இல்லாமல் விற்கக் கூடாது. சம்மதம் வாங்கி, வாங்குபவரின் பணம் நேரே கடன் கணக்குக்குப் போகும்படி பேசுங்கள்.

ஓடிஎஸ் கடிதத்தில் 'முழு மற்றும் இறுதித் தீர்வு' என்ற சொல் இருக்கிறதா பாருங்கள். ஒரு தவணை தவறினால் தள்ளுபடி ரத்தாகி முழுப் பாக்கியும் திரும்பும் என்ற வரி அநேகமாக அடியில் இருக்கும். கையில் பணம் உறுதியாகாமல் கையெழுத்துப் போடாதீர்கள். முதலில் கேஸை வாபஸ் வாங்கு என்பார்கள். சம்மதிக்காமல், இரு தரப்பும் கையெழுத்திட்ட கூட்டு மெமோவாகத் தீர்ப்பாயத்திலேயே பதிவு செய்யுங்கள். சிபில் அறிக்கையில் 'செட்டில்டு' (முழுதாகக் கட்டாமல் முடித்தது) என்று நிற்கும், அடுத்த கடன் கஷ்டம்தான்.

வீட்டுக் கடன் போன்ற தனிநபர் கடன் தீர்ந்தால் 30 நாளில் பத்திரம் தர வேண்டும்; வங்கியால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் என்பது ரிசர்வ் வங்கி விதி. பத்திரம் கைக்கு வந்ததும் பத்திரத்தை அடமானம் வைத்தபோது பதிவான எம்ஓடி ஆவணத்தை மறந்துவிடுகிறார்கள். சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்தது என்று வங்கி ரசீது ஆவணம் எழுதிப் பதிவு செய்யும் வரை அது வில்லங்கத்தில் அப்படியே தெரியும். பதிவானதும் புது வில்லங்கச் சான்று (ஈசி) போட்டு, அந்த ரசீதின் ஆவண எண் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.