அதிகார வரம்பு ஆட்சேபணையை முதலில் தீர்க்காவிட்டால் தீர்ப்பு செல்லாதா?

“நீதிமன்றத்துக்கு அதிகார வரம்பு (அந்த வழக்கை விசாரிக்கும் அதிகாரம்) இல்லை என்று பிரதிவாதி சொல்லிவிட்டால், அதை முடிவு செய்யாமல் விசாரணையைத் தொடங்கவே கூடாது, தொடங்கினால் தீர்ப்பு செல்லாது” என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றி வருகிறது. இது தவறு.

1976-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 14 விதி 2 சொல்லும் பொதுவிதி, எல்லா எழுவினாக்களுக்கும் (வழக்கில் நீதிமன்றம் முடிவு செய்ய வேண்டிய கேள்விகளுக்கு) சேர்த்தே தீர்ப்பளிக்க வேண்டும் என்பதுதான். அதிகார வரம்பு குறித்தோ, வழக்குக்குச் சட்டம் விதித்த தடை குறித்தோ எழும் எழுவினா, முழுக்கச் சட்டம் சார்ந்ததாக இருந்து, அதைக் கொண்டே வழக்கை முடித்துவிடலாம் என்று நீதிமன்றம் கருதினால், அதை முதலில் விசாரிக்கலாம். ‘விசாரிக்கலாம்’ என்றுதான் விதி சொல்கிறது, ‘விசாரித்தே ஆக வேண்டும்’ என்றல்ல. ஒப்பந்தம் கையெழுத்தானது சென்னையிலா மதுரையிலா என்பதே தகராறு என்றால், சாட்சியம் இல்லாமல் அதற்கு விடை காண முடியாது. சட்டமும் பொருண்மையும் (நடந்த உண்மைகளும்) கலந்த இத்தகைய கேள்வியை முதனிலை எழுவினாவாக, அதாவது முதலிலேயே தனியாகத் தீர்க்க இயலாது என்று 2019-இல் நுஸ்லி நெவில் வாடியா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. மகாராஷ்டிரத்தில் மட்டும், இத்தகைய ஆட்சேபணையை முதலில் முடிவு செய்ய வேண்டும் என்ற வேறு முறையை விதித்திருந்த இச்சட்டத்தின் 9ஏ பிரிவும் 2018-இல் நீக்கப்பட்டுவிட்டது; வதந்தியின் வேர் அங்கே இருக்கலாம்.

வழக்கு தவறான ஊர் நீதிமன்றத்தில் தொடரப்பட்டது என்பது போன்ற இடம் சார்ந்த ஆட்சேபணையை, எழுவினாக்கள் வகுக்கப்படும் முன்பே எழுப்பத் தவறினால், மேல்முறையீட்டில் அது ஏற்கப்படாது என்கிறது இதே சட்டத்தின் 21-ஆவது பிரிவு. மூல வாசகம் மத்திய அரசின் ‘இந்தியா கோட்’ இணையதளத்தில் உள்ளது. அந்தச் செய்தியை மேலும் பகிர வேண்டாம் எனக் கேட்டுக்கொள்கிறோம்.