மோனேவின் குரு மட்டுமல்ல, யொங்கிண்ட்

ஓவிய வரலாற்று நூல்களில் டச்சு ஓவியர் யோஹான் பார்த்தோல்ட் யொங்கிண்ட் பெரும்பாலும் ஒரு பத்தியில் வந்து, புகழ்பெற்ற பிரெஞ்சு ஓவியர் மோனேவுக்குக் கண் திறந்துவிட்டு, அடுத்த பத்தியில் காணாமல் போகிறார். 1862இல் நார்மண்டிக் கடற்கரையில் அவரைச் சந்தித்ததையும், தம் பார்வையைச் செம்மைப்படுத்தியவர் அவரே என்பதையும் மோனே பிற்காலத்தில் நன்றியோடு சொன்னார். அந்த நன்றியே யொங்கிண்டுக்கு வினையாகிவிட்டது. ஊரில் ஒருவரைப் பிள்ளையின் பெயர் சொல்லி 'இன்னார் அப்பா' என்றே அழைத்துப் பழகி, அவருடைய பெயரை எல்லோரும் மறந்துபோவதில்லையா, அப்படித்தான்.

1819இல் நெதர்லாந்தின் லாத்ரொப் கிராமத்தில் பிறந்த யொங்கிண்ட், ஹேக் நகரில் ஓவியர் ஸ்கெல்ஃபவுட்டிடம் நிலக்காட்சி ஓவியம் பயின்று, 1846இல் பாரிஸுக்குச் சென்றார். பாரிஸின் அதிகாரபூர்வ ஓவியக் கண்காட்சியான சலோனில் 1852இல் பதக்கமும் கிடைத்தது. ஆனால் கடனும் குடியும் அவரை 1855இல் ரோட்டர்டாமுக்கே திருப்பி அனுப்பின. ஐந்தாண்டுகள் கழித்து, பாரிஸ் ஓவியர்கள் தத்தம் படங்களைக் கொடுத்து ஏலம் விட்டு, திரட்டிய பணத்தில் அவரைத் திரும்ப அழைத்துக்கொண்டார்கள். பிறந்த நாடு தராத ஆதரவை அயல்நாட்டுத் தோழர்கள் தந்தார்கள் என்பதை எண்ணும்போதெல்லாம் எனக்கு வியப்பாக இருக்கிறது.

பாரிஸில் இருந்துகொண்டு அவர் மீண்டும் மீண்டும் தீட்டியவை நிலவொளியில் மின்னும் டச்சுக் கால்வாய்கள், காற்றாலைகள், உறைந்த நீரில் சறுக்கி விளையாடுவோர். இதை ஊர் ஏக்கம் என்று உருகுவோர் உண்டு. ஏக்கம் இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் வாங்குவோர் விரும்பிக் கேட்டதும் அந்த நிலவைத்தான், கடன்காரர்களுக்குப் பதில் சொல்ல வேண்டியவருக்கு அது பெரிய காரணம். அந்த எண்ணெய் வண்ணப் படங்கள் பலவற்றில் கை ஓடுகிறது, கண் ஓடவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

அவருடைய கண்ணைக் காண வேண்டுமானால் நீர்வண்ணத் தாள்களுக்குத்தான் போக வேண்டும். துறைமுகத்தில் நின்றபடியே பென்சிலால் விரைந்து நாலு கோடு, மேலே மெல்லிய வண்ணப் பூச்சு, பூசாமல் விட்ட தாளின் வெண்மையே ஒளி, ஓரத்தில் இடமும் நாளும். பட்டறையில் எண்ணெய்ப் படம் செய்வதற்கான குறிப்புகளாகவே இவை பெரும்பாலும் அவருக்குப் பயன்பட்டன. இன்றோ குறிப்புதான் படத்தை வென்று நிற்கிறது. பாரிஸின் நோத்ர தாம் தேவாலயத்தின் பின்புறத்தை 1863இலும் 1864இலும் வெவ்வேறு ஒளியில் தீட்டியிருக்கிறார். ரூவான் தேவாலயத்தை மோனே வரிசையாகத் தீட்டியது அதற்கு ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு. (மறுபடியும் மோனேவிடமே வந்துவிட்டேன், பாருங்கள்.)

1860 முதல் அவரைத் தாங்கியவர் ஓவிய ஆசிரியை ஜோசஃபின் ஃபெஸ்ஸே. 1878க்குப் பிறகு ஜோசஃபினின் குடும்பத்தோடு தென்கிழக்கு பிரான்ஸில் லா கோத் சேந்த்-ஆந்த்ரே என்னும் சிற்றூரில் தங்கி, தட்டையான நாட்டில் பிறந்த அந்த மனிதர் குன்றுகளையும் பனி மூடிய பாதைகளையும் தாளில் பிடித்தார். 1891 பிப்ரவரியில் கிரெனோபிள் அருகே ஒரு மனநலக் காப்பகத்தில் இறந்தார். கல்லறை ஹாலந்தில் இல்லை, அந்தக் குன்றடி ஊரில்தான் இருக்கிறது.