மாமா அனுப்பிய லித்தியம் பேட்டரி

குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போன வாரம் மாமா ஒரு ஃபார்வேர்டு தட்டிவிட்டார். "உலகமே பயன்படுத்தும் லித்தியம் பேட்டரியைக் கண்டுபிடித்தவர் ஒரு தமிழர்! மறைக்கப்பட்ட வரலாறு! தமிழனாக இருந்தால் பகிரவும்!" கீழே வரிசையாகக் கைதட்டல், கும்பிடு. இந்த மாதிரி வந்தால் பார்க்காத மாதிரி நகர்ந்துவிடுவது என் வழக்கம். முழுப் பொய்யாக இருந்திருந்தால் இதையும் விட்டிருப்பேன். ஆனால் இதில் கால்வாசி உண்மை, அதுவும் ருசியான உண்மை. அதைப் போய்ப் பொய்யில் முக்கி எடுத்திருந்தார்கள்.

2019ல் வேதியியலுக்கான நோபல் பரிசு லித்தியம் அயனி பேட்டரிக்காக மூன்று பேருக்குக் கிடைத்தது: ஸ்டான்லி விட்டிங்காம், ஜான் குட்இனஃப், அகிரா யோஷினோ. குட்இனஃபுக்கு அப்போது வயது 97. நோபல் வாங்கியவர்களிலேயே மூத்தவர். ஸ்டாக்ஹோமில் அவருக்குரிய நோபல் உரையை அவர் சார்பில் ஆற்றியவர் ஆறுமுகம் மந்திரம். தென் தமிழ்நாட்டுக் கிராமத்தில் பிறந்து, மதுரைப் பல்கலைக்கழகத்தில் படித்து, 1981ல் ஐ.ஐ.டி. மெட்ராஸில் முனைவர் பட்டம் வாங்கியவர். 1985ல் ஆக்ஸ்ஃபோர்டில் குட்இனஃபிடம் சேர்ந்து, அடுத்த வருடம் அவரோடே டெக்சாஸின் ஆஸ்டினுக்குப் போனவர்.

அவரா கண்டுபிடித்தார்? இல்லை மாமா. யாருமே தனியாகக் கண்டுபிடிக்கவில்லை. இந்தக் கதையில் கண்டுபிடித்தவர்களைவிட, கையில் கிடைத்ததை நழுவவிட்டவர்கள்தான் எனக்குச் சுவாரசியமாக இருக்கிறார்கள்.

முதலில் நழுவவிட்டது ஒரு எண்ணெய்க் கம்பெனி. எக்ஸான். 1970களின் தொடக்கத்தில், எண்ணெய் ஒருநாள் தீர்ந்துவிடுமோ என்ற கவலையில், பெட்ரோல் இல்லாத காலத்துக்கும் ஒரு கடை திறந்து வைப்போம் என்று ஆராய்ச்சிக்குப் பணம் ஒதுக்கினார்கள். அங்கே வேலை பார்த்த விட்டிங்காம், டைட்டானியம் டைசல்ஃபைடு என்ற பொருளை எடுத்தார். அது தாள் தாளாக அடுக்கியது போன்ற அமைப்பு. சின்ன வயதில் புத்தகத்துக்குள் மயிலிறகை வைப்போமே, அது மாதிரி அந்த இடுக்குகளில் லித்தியம் அயனி போய் உட்காரும். வைக்கலாம், எடுக்கலாம், தாள் கிழியாது. (இதுவும் குட்டி போடாது.) திரும்பத் திரும்ப சார்ஜ் ஏறுவதன் ரகசியம் இவ்வளவுதான். இன்றைக்கும் நம் போனுக்குள் இதேதான் நடக்கிறது.

சிக்கல் எதிர்முனையில் இருந்தது. அங்கே சுத்த லித்தியம் உலோகம். சார்ஜ் ஏற்ற ஏற்ற அதிலிருந்து மீசை மீசையாக முள் வளரும். எதிர்ப்பக்கத்தைத் தொட்டதும் ஷார்ட் ஆகி எரியும். தீயணைப்பு வண்டி அந்த ஆய்வகத்துக்குப் பலமுறை போயிருக்கிறது. லித்தியம் தீயை அணைக்கிற ரசாயனத்துக்கு நீங்களே காசு கொடுங்கள் என்று தீயணைப்புக்காரர்கள் எச்சரித்ததாகச் சொல்வார்கள். 1980களின் தொடக்கத்தில் எண்ணெய் விலை இறங்கியதும் எக்ஸான் ஏறக்கட்டிவிட்டது. லித்தியம் உலோகத்தையே பிடித்துக்கொண்டிருந்த கனடாவின் மோலி எனர்ஜிக்கு 1989ல் அடி விழுந்தது. ஜப்பானில் அதன் பேட்டரி போட்ட போன்கள் தீப்பிடிக்க, எல்லாவற்றையும் திரும்பப் பெற்று, கம்பெனியே திவால்.

இரண்டாவதாக நழுவவிட்டது ஆக்ஸ்ஃபோர்டு. 1980ல் குட்இனஃபும் அவரோடு இருந்தவர்களும், சல்ஃபைடுக்குப் பதில் கோபால்ட் ஆக்சைடு போட்டால் இரண்டு வோல்ட்டுச் சொச்சம் நான்கு வோல்ட் ஆகும் என்று காட்டினார்கள். பல்கலைக்கழகம் காப்புரிமை எடுக்க மாட்டேன் என்றது. கடைசியில் ஹார்வெல்லில் இருந்த பிரிட்டன் அரசின் அணுசக்தி ஆய்வு நிலையத்திடம் குட்இனஃப் உரிமையை எழுதிக்கொடுத்தார். உலகத்தில் இத்தனை கோடிப் போன் விற்றும் அந்த மனிதருக்கு அதிலிருந்து ராயல்டி கிடைக்கவில்லை. கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்கு அலைவது நம் ஊர்ப் பழக்கம் மட்டுமில்லை.

வெண்ணெயை உருக்கியது ஜப்பான். அசாஹி காசெய் என்ற ரசாயனக் கம்பெனியில் இருந்த யோஷினோ, லித்தியம் உலோகத்தையே தூக்கி எறிந்துவிட்டு, 1985ல் எதிர்முனைக்குப் பெட்ரோலியம் கோக் போட்டார். எண்ணெய்ச் சுத்திகரிப்பில் மிஞ்சுகிற கரி அது! எக்ஸான்காரர்களின் காலடியில் கிடந்த பொருள். அடுத்த வருடம் வெடிபொருள் சோதிக்கும் இடத்துக்கு பேட்டரியைக் கொண்டுபோய் அதன்மேல் பெரிய இரும்புக் கட்டியைப் போட்டார். ஒன்றும் ஆகவில்லை. லித்தியம் உலோகம் வைத்த பேட்டரியின்மேல் போட்டதும் வெடித்தது. 1991ல் சோனி விற்பனைக்குக் கொண்டுவந்தது.

இன்று கோக்குக்குப் பதில் பெரும்பாலும் கிராஃபைட். கிராஃபைட்டுக்குள் லித்தியம் போய்வரும் என்று 1980 வாக்கில் காட்டியவர் மொராக்கோவில் பிறந்த ரஷீத் யஸாமி. நோபல் பட்டியலில் அவர் பெயர் இல்லை; ஒரு பரிசை மூவருக்கு மேல் பங்கிட மாட்டார்கள். 2014ல் இதே பேட்டரிக்கு அமெரிக்காவின் டிரேப்பர் பரிசு கொடுத்தபோது யஸாமி இருந்தார், விட்டிங்காம் இல்லை. 'கண்டுபிடித்தவர்' பட்டியல் யார் எழுதுகிறார்களோ அவர்களைப் பொறுத்து மாறும்.

இப்போது நம் ஆளிடம் வருகிறேன். கோபால்ட் விலை கூடியது, பெரும்பகுதி காங்கோவிலிருந்து வருவது. அங்கே குழந்தைகளும் தோண்டுகிறார்கள். இரும்போ மலிவு, ஆனால் சாதாரண இரும்பு ஆக்சைடு நல்ல வோல்ட் தராது. 1980களின் கடைசியில் மந்திரமும் குட்இனஃபும், இரும்போடு சல்ஃபேட் போன்ற தொகுதிகளைச் சேர்த்தால் வோல்ட் ஏறுகிறது என்று காட்டினார்கள். 3.6 வரை ஏறியது. அந்த வழியில்தான் 1997ல் குட்இனஃப் குழுவின் அக்ஷய பாதியும் நஞ்சுண்டசாமியும் லித்தியம் இரும்பு பாஸ்பேட்டை வெளியிட்டார்கள். எல்.எஃப்.பி. என்று ஸ்கூட்டர் விற்பவர்கள் சொல்வது அதைத்தான். லேசில் தீப்பிடிக்காது, நிறைய நாள் உழைக்கும். மாமா, பெருமைப்பட வேண்டுமென்றால் இதற்குப் படுங்கள்.

இதையும் நழுவவிட்டார்கள், இந்த முறை அமெரிக்கா. எம்.ஐ.டி.யிலிருந்து கிளம்பி எல்.எஃப்.பி. செய்த ஏ123 கம்பெனி 2012ல் திவாலாகி, மறு வருடம் சீனாவின் வான்ஷியாங் கைக்குப் போனது. சீனாவுக்குள் மட்டும் விற்றால் உரிமத்தொகை இல்லை என்ற ஏற்பாட்டோடு சீனாக்காரர்கள் வருடக்கணக்காகச் செய்து செய்து பழகினார்கள். இன்று எல்.எஃப்.பி. என்றாலே சீனா.

நமக்கு மூளை இல்லை என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். மேலே வந்த பெயர்களைப் பாருங்கள். இடமும் இல்லாமல் இல்லை. அழகப்பச் செட்டியார் 300 ஏக்கரும் 15 லட்சமும் கொடுத்து, காரைக்குடியில் மின்வேதியியலுக்கென்றே செக்ரி என்ற மத்திய அரசு ஆய்வகம் 1953லிருந்து இருக்கிறது. அங்கே உருவான லித்தியம் அயனி தொழில்நுட்பத்தைத் தனியாருக்குக் கைமாற்ற ஒப்பந்தம் போட்டது 2018ல். சோனி கடை விரித்து 27 வருடம் கழித்து. பத்து வருடம் நஷ்டத்தைத் தாங்கிக்கொண்டு, வீணாய்ப் போகும் செல்களை எண்ணிக்கொண்டு, தொழிற்சாலையை நடத்த முதலாளியும் அரசும் தயாராக இல்லை என்பதுதான் என் கட்சி. அதைப் பேசாமல் 'தமிழன் கண்டுபிடித்தான்' என்று பகிர்வதில் என்ன வருமானம்?

இதையெல்லாம் குழுவில் போட்டேன். மாமா பதில் சொல்லவில்லை, ஆனால் ஞாயிற்றுக்கிழமை மின்சார ஸ்கூட்டர் பார்க்க என்னையும் கூட்டிப்போனார். ஷோரூமில் தம்பி பேட்டரிப் பெட்டியைத் தட்டிக் காட்டி, "எல்.எஃப்.பி. சார், இந்தியாவிலேயே செஞ்சது" என்றார்.

"பெட்டியா, உள்ள இருக்கிற செல்லா?" என்று மாமா கேட்டார்.

தம்பி கொஞ்சம் யோசித்துவிட்டு, "மேனேஜர்கிட்ட கேட்டுச் சொல்றேன் சார்" என்று உள்ளே போனார்.