டாலெக்கை வடிவமைத்தவர் ரிட்லி ஸ்காட் அல்ல

பிபிசியின் அறிவியல் புனைகதைத் தொலைக்காட்சித் தொடரான ‘டாக்டர் ஹூ’வில் வில்லன்களாக வரும் டாலெக் எந்திரங்களை வடிவமைத்தவர் இயக்குநர் ரிட்லி ஸ்காட் என்று அடிக்கடி பகிரப்படுகிறது. தவறு. அப்போது அவர் பிபிசியில் அரங்க வடிவமைப்பாளர்; டாலெக்குகள் அறிமுகமாகும் கதையின் வடிவமைப்பு வேலை முதலில் அவர் கைக்குத்தான் போனது. தேதி ஒத்துவரவில்லை. வேலை சக ஊழியர் ரேமண்ட் கியூசிக்கிடம் வந்தது. 1963 டிசம்பரில் திரையில் வந்தது அவர் வரைந்த உருவம்.

மிளகுத்தூள் டப்பாவைப் பார்த்து வரைந்தார் என்பதும் பாதிக் கதைதான். உள்ளே நடிகர் உட்கார்ந்து ஓட்ட வேண்டுமே! அதனால் நாற்காலியில் அமர்ந்த மனிதனைச் சுற்றித்தான் கோடு போட்டார். டப்பாவை மேசையில் நகர்த்திக் காட்டியது, அது எப்படி ஓடும் என்று விளக்க.

கதாசிரியர் டெர்ரி நேஷனுக்கு உரிமைத்தொகை குவிந்தது. சம்பளக்காரரான கியூசிக்குக் கிடைத்தது சுமார் 100 பவுண்ட் அன்பளிப்பு.